“நிதி இல்லை” என்றால் சட்டம் ஏற்குமா?



குழுக்களின் தீர்மான நோட்டுகளைப் புரட்டிப் பார்க்கும்போது ஒரு வரி மாதா மாதம் எங்கள் கண்ணில் படுகிறது. “தெருவில் குப்பை அள்ளவில்லை. மனு கொடுப்பது என்று முடிவு செய்யப்பட்டது.” அடுத்த மாதத்தைத் திருப்பினால் அங்கேயும் அதே வரி. சேமிப்பு, சந்தா, கடன் தவணை எல்லாம் பைசா சுத்தமாக எழுதியிருக்கும். குப்பை மட்டும் நிலுவையிலேயே இருக்கும்.

மனு கொடுத்தவர்களிடம் “என்னம்மா ஆச்சு?” என்று கேட்டால் வருகிற பதிலும் எல்லா ஊரிலும் ஒன்றுதான். “நிதி இல்லைன்னு சொல்லிட்டாங்க. ஆள் பத்தலையாம். வண்டி ரிப்பேராம்.” நாமும் பாவம், அவங்களும் என்ன செய்வாங்க என்று திரும்பி வந்துவிடுகிறோம். அந்த “நிதி இல்லை” என்ற பதிலைச் சட்டம் ஏற்றுக்கொள்கிறதா என்பதுதான் இந்த மாதப் பாடம். இதற்கு விடை 1980-லேயே வந்துவிட்டது. அது எப்படி வந்தது என்று தெரிந்துகொண்டால் அடுத்த மனுவை நாம் எழுதும் விதமே மாறிவிடும்.

ரத்லாம் ஊர்க்காரர்கள் கேட்ட கேள்வி

மத்தியப் பிரதேசத்தில் ரத்லாம் என்று ஒரு நகரம். மும்பையிலிருந்து டெல்லி போகும் ரயில் பாதையில் வரும் பெரிய ஜங்ஷன். அங்கே நியூ ரோடு என்ற தெருவில் குடியிருந்தவர்களுக்குப் பல தொல்லைகள். ஒழுங்கான சாக்கடை இல்லை. பக்கத்திலிருந்த சாராய ஆலையின் கழிவுநீர் தெருவில் ஓடியது. அருகிலிருந்த குடிசைப் பகுதி மக்களுக்குக் கழிப்பிடம் இல்லாததால் தெரு ஓரமே கழிப்பிடம் ஆனது. நாற்றம், கொசு, காய்ச்சல். நம் ஊர்களில் பாதிக்கு இந்த வர்ணனை பொருந்தும்.

அவர்கள் நகராட்சியிடம் கேட்டுக் கேட்டுப் பார்த்தார்கள். பலன் இல்லை. 1972-ல் கோட்டத்து நடுவரிடம், அதாவது நம் ஊரில் ஆர்.டி.ஓ. என்று சொல்கிறோமே அந்த நிலையில் உள்ள அதிகாரியிடம், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-ஆம் பிரிவின்படி மனு கொடுத்தார்கள். பொது இடத்தில் மக்களுக்குத் தொல்லை தரும் ஒன்று இருந்தால் அதை நீக்கும்படி உத்தரவு போட அவருக்கு அதிகாரம் கொடுக்கிற பிரிவு இது. அவரும் விசாரித்து, ஆறு மாதத்துக்குள் திட்டம் போட்டுத் தொல்லையை நீக்க வேண்டும் என்று நகராட்சிக்கு உத்தரவிட்டார்.

நகராட்சி விடவில்லை. மேலே போனது. செஷன்ஸ் நீதிமன்றம் உத்தரவை ரத்து செய்தது. உயர் நீதிமன்றம் உத்தரவு சரிதான் என்றது. நகராட்சி உச்ச நீதிமன்றம் வரைக்கும் போனது. அங்கே அது சொன்ன காரணங்கள் இரண்டு. ஒன்று, எங்களிடம் பணம் இல்லை. இரண்டாவதைக் கேளுங்கள்: இந்த இடம் இப்படித்தான் இருக்கும் என்று தெரிந்தே இவர்கள் வீடு கட்டி வந்தார்கள், இப்போது புகார் சொல்ல உரிமை இல்லை! “உங்களை யார் அங்க குடி போகச் சொன்னது?” என்று நம்மிடம் கேட்பதில்லையா, அதையேதான் வக்கீல் வைத்துக் கேட்டிருக்கிறார்கள்.

1980 ஜூலையில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யரும் நீதிபதி ஓ. சின்னப்ப ரெட்டியும் தீர்ப்பு சொன்னார்கள். மக்களின் சுகாதாரத்தைக் காப்பதற்கென்றே சட்டப்படி அமைக்கப்பட்ட ஒரு நகராட்சி, காசு இல்லை என்று சொல்லி அந்தக் கடமையிலிருந்து ஓட முடியாது என்றார்கள். மனிதர் மானத்தோடும் கண்ணியத்தோடும் வாழ்வது பேரம் பேசும் விஷயம் அல்ல, உள்ளாட்சியின் பணத்தில் முதல் உரிமை அதற்குத்தான் என்றார்கள். பணம் போதவில்லையா, மாநில அரசிடம் மானியமோ கடனோ கேட்டு வாங்கு, வேலையைச் செய் என்றார்கள். நகராட்சி வழக்கு நடத்துவதில் காட்டிய ஆர்வத்தில் பாதியைத் தெருவைச் சுத்தம் செய்வதில் காட்டியிருந்தால் மக்களின் தேவை எப்போதோ தீர்ந்திருக்கும் என்றும் கிருஷ்ணய்யர் ஒரு குட்டு வைத்தார். குழுக் கூட்டத்தில் இந்த இடத்தை வாசித்தால் கட்டாயம் சிரிப்பு வரும்.

நாம் கவனிக்க வேண்டியது இன்னொன்றும் இருக்கிறது. தெருவை அசுத்தம் செய்தது குடிசை மக்கள்தானே, அவர்களை விரட்டு என்று நீதிமன்றம் சொல்லவில்லை. இயற்கை உபாதை காத்திருக்காது, கழிப்பிடம் கட்டித் தராதது யார் தப்பு என்று நகராட்சியைத்தான் கேட்டது. ஆறு மாதத்துக்குள் ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனியாகப் போதுமான பொதுக் கழிப்பிடம் கட்ட வேண்டும், தண்ணீர் வசதி வேண்டும், காலை மாலை இரு வேளையும் சுத்தம் செய்ய வேண்டும் என்று உத்தரவு போட்டது. ஏழை மேல் பழி போட்டுத் தப்பிக்கும் வழியையும் அடைத்த தீர்ப்பு இது.

1972-லிருந்து 1980 வரை எட்டு வருஷம். மனு போட்டபோது கைக்குழந்தையாக இருந்தது தீர்ப்பு வரும்போது மூன்றாம் வகுப்பு படித்திருக்கும். சட்டம் நம் பக்கம் இருக்கிறது என்பதால் நாளைக்கே குப்பை வண்டி வரும் என்று நாங்கள் சொல்ல மாட்டோம். ஆனால் அந்த எட்டு வருஷத்தை ரத்லாம்காரர்கள் நமக்காகவும் சேர்த்துக் காத்திருந்துவிட்டார்கள். “நிதி இல்லை” என்ற வாதத்துக்கு உச்ச நீதிமன்றத்தின் பதிலை நாம் மறுபடி வாங்கத் தேவையில்லை, எடுத்துக் காட்டினால் போதும்.

அதற்குப் பின் வந்த சட்டங்கள்

1992-ல் அரசியலமைப்புச் சட்டத்தின் 74-ஆவது திருத்தம் வந்தது. நகர உள்ளாட்சிகளிடம் ஒப்படைக்க வேண்டிய பணிகளின் பட்டியலில் திடக்கழிவு மேலாண்மை பெயர் சொல்லியே சேர்க்கப்பட்டது. ஊராட்சிகளுக்கு, 1994-ஆம் ஆண்டு தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டத்தின் 110-ஆம் பிரிவு இருக்கிறது. தெருவைச் சுத்தம் செய்வதும் குப்பை மேடுகளை அகற்றுவதும் கிராம ஊராட்சியின் கடமை என்று அது சொல்கிறது. விருப்பம் இருந்தால் செய்யலாம் என்று அல்ல, செய்ய வேண்டும் என்று.

1996-ல் அல்மித்ரா படேல் என்ற பெண்மணி நாட்டின் எல்லா நகரங்களிலும் குப்பை திறந்தவெளியில் கொட்டப்படுவதை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் பொதுநல வழக்குப் போட்டார். அந்த வழக்கின் விளைவாகத்தான் 2000-ஆம் ஆண்டில் நகராட்சிக் குப்பைக்கென்று நாட்டில் முதன்முதலாகத் தனி விதிகள் வந்தன. 2016-ல் அவற்றுக்குப் பதிலாகத் திடக்கழிவு மேலாண்மை விதிகள் வந்தன, அவை ஊராட்சிப் பகுதிகளையும் தொட்டன. அவற்றின் இடத்தில் புதிய விதிகள் 2026 ஏப்ரல் 1 முதல் நடைமுறை என்று அறிவிக்கப்பட்டன. குப்பையை நான்காகப் பிரிக்கச் சொல்கின்றன: ஈரக் குப்பை, உலர் குப்பை, நாப்கின் டயப்பர் போன்ற சுகாதாரக் கழிவு, பல்பு பெயின்ட் டப்பா மருந்து போன்ற தனிக் கவனம் வேண்டிய கழிவு.

அல்மித்ரா படேல் வழக்கு பிற்பாடு தேசிய பசுமைத் தீர்ப்பாயத்துக்கு மாற்றப்பட்டது. 2016 டிசம்பர் 22-ல் தீர்ப்பாயம் குப்பையைத் திறந்தவெளியில் எரிக்க நாடு முழுவதும் தடை போட்டது. குப்பைக் கிடங்கில் எரிப்பதற்கும் தடைதான். சாதாரணமாக எரித்தால் ரூ.5,000, மொத்தமாகக் குவித்து எரித்தால் ரூ.25,000 இழப்பீடு. எரிக்கிறது தனி ஆளானாலும் சரி, அமைப்பானாலும் சரி. சாயங்காலம் ஆனால் கிடங்கில் புகை எழும்பும் ஊர்களில் இருக்கும் சகோதரிகள் இந்தத் தேதியைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள்.

நம் மனுவில் என்ன குறை?

மனு எழுதுவதில் நம் பெண்களுக்குக் குறை ஒன்றும் இல்லை, எழுதி எழுதிக் கை தேர்ந்தவர்கள். குறை சொற்களில் இருக்கிறது. “ஐயா அவர்கள் கருணை கூர்ந்து எங்கள் தெருவுக்குக் குப்பை வண்டி அனுப்பித் தருமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறோம்” என்று எழுதுகிறோம். கருணை கேட்டால் கருணை காட்டுவதும் காட்டாததும் அவர் இஷ்டம் ஆகிவிடுகிறது. கடமையைக் கேட்டால் அப்படி ஒதுக்க முடியாது.

மரியாதையைக் குறைக்கச் சொல்லவில்லை. “மதிப்பிற்குரிய செயல் அலுவலர் அவர்களுக்கு” என்றே தொடங்குங்கள். பிறகு இப்படி எழுதலாம்: “எங்கள் வார்டின் இன்ன தெருவில் இன்ன தேதியிலிருந்து இன்ன தேதி வரை குப்பை சேகரிக்கப்படவில்லை. திடக்கழிவு மேலாண்மை விதிகளின்படி இது தங்கள் உள்ளாட்சியின் கடமை. இதைச் செய்து முடித்து 15 நாட்களுக்குள் எழுத்து மூலம் பதில் தரக் கோருகிறோம்.” கிராம ஊராட்சி என்றால் 110-ஆம் பிரிவைக் குறிப்பிடுங்கள், தலைவருக்கு எழுதுங்கள். தலைவர் பதவியில் இல்லாத காலமாக இருந்தால் தனி அலுவலருக்கு எழுதுங்கள். வாய்மொழியாக நிதி இல்லை என்று சொன்னால், “அதை எழுதிக் கொடுத்துடுங்க சார்” என்று அமைதியாகக் கேளுங்கள். எழுதிக் கொடுக்க மாட்டார்கள், அதுதான் நாங்கள் பல ஊரில் பார்த்தது.

மனுவை விட முக்கியம் ஒப்புகை. இரண்டு நகல் எடுத்து, ஒன்றில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். வாங்க மறுத்தால் ஸ்பீட் போஸ்டில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான சான்றை வாங்கி வையுங்கள். ஆட்சியர் அலுவலகத்தில் திங்கட்கிழமை நடக்கும் குறைதீர்க்கும் நாள் கூட்டத்தில் கொடுத்தால் பதிவு எண் கிடைக்கும். எண் இல்லாத மனு காற்றில் விட்ட பட்டம் மாதிரிதான்.

ஒரு பேரூராட்சியில் எங்கள் கூட்டமைப்புப் பெண்கள் குப்பைக்கென்றே ஒரு நாற்பது பக்க நோட்டுப் போட்டார்கள். ஊக்குநர் அக்காவின் மகள் படிக்கும் பிள்ளை, அவள்தான் எழுதினாள். தேதி, வண்டி வந்ததா, எத்தனை மணிக்கு, எந்தத் தெரு வரைக்கும், கிடங்கில் புகை உண்டா. ஒரு மாதம் எழுதியதில் பிரதான சாலைக்கு வண்டி தினமும் வந்திருக்கிறது, காலனிக்கு நான்கே நாள்தான் வந்திருக்கிறது என்பது பளிச்சென்று தெரிந்தது. “வண்டியே இல்லை” என்ற பதில் அதோடு செத்தது. இருக்கிற வண்டி எங்கே போகிறது என்பதுதான் கேள்வி ஆனது. சபையில் அதைக் காட்டிய பிறகு செயல் அலுவலரே நேரில் வந்து பார்த்தார், காலனிக்கு வாரம் மூன்று நாள் வண்டி என்று முடிவானது. தினமும் வர வேண்டும் என்று அவர்கள் இன்னும் விடாமல் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்.

அந்த நோட்டோடு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 2005-ஆம் ஆண்டுச் சட்டம், கட்டணம் ரூ.10, கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். 30 நாளில் பதில் தர வேண்டும். இங்கே இரண்டு சங்கதி. குழுவின் பெயரில் கேட்காதீர்கள், இந்த உரிமை குடிமகனுக்கும் குடிமகளுக்கும்தான், ஆகவே ஓர் உறுப்பினர் தன் பெயரில் கேட்கட்டும். அடுத்து, “ஏன் குப்பை அள்ளவில்லை?” என்று கேட்டால் பதில் வராது. அவர்களிடம் இருக்கிற பதிவேடுகளைத்தான் கேட்க முடியும். கடந்த நிதியாண்டில் திடக்கழிவுக்கு எவ்வளவு ஒதுக்கினீர்கள், எவ்வளவு செலவானது? எத்தனை வண்டி, எத்தனை பணியாளர்? கடந்த மூன்று மாத வண்டி லாக் புக்கின் நகல் தரவும். ஒதுக்கிய பணமும் செலவான பணமும் பக்கத்தில் பக்கத்தில் வந்து நிற்கும்போது நிதி இருந்ததா இல்லையா என்று அந்தக் காகிதமே சொல்லிவிடும்.

எந்தக் கதவைத் தட்டுவது?

மனு, ஒப்புகை, நோட்டு, தகவல் பதில் நான்கும் கையில் இருந்தும் அசையவில்லை என்றால்தான் மேலே போக வேண்டும். ரத்லாம்காரர்கள் பிடித்த அந்த 133-ஆம் பிரிவு இன்றும் இருக்கிறது, நம்பர் மட்டும் மாறிவிட்டது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 152-ஆம் பிரிவு. ஆர்.டி.ஓ. அல்லது சப்-கலெக்டரிடம் மனு கொடுக்கலாம், வக்கீல் கட்டாயம் இல்லை. அவர் உத்தரவு இறுதியான பின்னும் கீழ்ப்படியாவிட்டால் பாரதிய நியாய சன்ஹிதாவின் 223-ஆம் பிரிவில் தண்டனை உண்டு. கோழி இறைச்சிக் கழிவோ, பள்ளிக்கூட வாசலில் குவிந்த குப்பை மேடோ, கண்ணால் காட்டக்கூடிய ஓரிடத்துத் தொல்லைக்கு இது பொருத்தமான வழி என்பது எங்கள் கருத்து.

நிரந்தர மக்கள் நீதிமன்றம் என்று ஒன்று இருப்பது நம்மில் பலருக்குத் தெரியாது. சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் கீழ் வருவது. பேருந்து, தபால், மின்சாரம், குடிநீர் போன்ற பொதுப் பயன்பாட்டுச் சேவைகளின் தகராறை விசாரிக்கும். அந்தப் பட்டியலில் துப்புரவும் சுகாதாரமும் இருக்கிறது. கோர்ட் கட்டணம் இல்லை. முதலில் இரு தரப்பையும் உட்காரவைத்துச் சமரசம் பேசும். சமரசம் ஆகவில்லை என்றால் அதுவே தீர்ப்பும் சொல்லும், அந்தத் தீர்ப்பு சிவில் நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். சாதாரண லோக் அதாலத்துக்கு இந்த அதிகாரம் கிடையாது. ஒரு நிபந்தனை: வேறு நீதிமன்றத்துக்குப் போவதற்கு முன்பே இங்கே வர வேண்டும்.

குப்பைக் கிடங்கால் கிணற்று நீர் கெட்டுப்போனது, ஏரியில் கொட்டுகிறார்கள், நாள்தோறும் எரிகிறது என்ற பெரிய விஷயம் என்றால் தேசிய பசுமைத் தீர்ப்பாயம். தென்மண்டல அமர்வு சென்னையில் இருக்கிறது. இழப்பீடு கேட்காத மனுவுக்குக் கட்டணம் ரூ.1,000. பிரச்சனை முதலில் எழுந்ததிலிருந்து ஆறு மாதத்துக்குள் போக வேண்டும், தக்க காரணம் காட்டினால் மேலும் 60 நாள் தருவார்கள். “பாத்துக்கலாம்” என்று தள்ளிப்போட்டே பல ஊர்க்காரர்கள் இந்தக் கெடுவைத் தவறவிடுகிறார்கள். 2020 ஜனவரியில் இந்தத் தீர்ப்பாயம், விதிகளைப் பின்பற்றாத உள்ளாட்சிகள் அந்த ஆண்டு ஏப்ரல் முதல் மாதந்தோறும் இழப்பீடு கட்ட வேண்டும் என்றது. பத்து லட்சத்துக்கு மேல் மக்கள்தொகை உள்ள ஊருக்கு மாதம் ரூ.10 லட்சம், ஐந்து முதல் பத்து லட்சம் வரை உள்ள ஊருக்கு ரூ.5 லட்சம், மற்றவற்றுக்கு ரூ.1 லட்சம். நிதி இல்லை என்று குப்பை அள்ளாமல் விட்டால் அதைவிட அதிகம் செலவாகும் என்பதுதான் இதன் பொருள்.

வக்கீலுக்குப் பணம் எங்கே போவது என்ற கவலை வேண்டாம். 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி பெண் என்றாலே இலவச சட்ட உதவி பெறத் தகுதி உண்டு. வருமானச் சான்று தேவையில்லை. வீட்டுக்காரர் பெயரில் போடலாமா என்று சில ஊரில் கேட்கிறார்கள். வேண்டாம், உங்கள் பெயரில் போடுங்கள், உங்களுக்குத்தான் இலவசம்! மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் ஆணைக்குழு அலுவலகமும் தாலுகா நீதிமன்றத்தில் வட்டக் குழுவும் இருக்கின்றன. 15100 என்ற எண்ணிலும் பேசலாம்.

யார் மேல் புகார்?

இதைக் கொஞ்சம் அழுத்தியே சொல்ல வேண்டியிருக்கிறது. குப்பை அள்ளவில்லை என்று மனு எழுதும்போது பல குழுக்கள் தூய்மைப் பணியாளரின் பெயரைப் போட்டுவிடுகிறார்கள். அவர்களில் எத்தனை பேர் நம் உறுப்பினர்கள்! கிராம ஊராட்சியில் தூய்மைக் காவலராக இருப்பவர்களில் பலர் நம்மோடு உட்கார்ந்து சேமிப்புக் கட்டுகிறவர்கள். மூன்று தெருவுக்கு ஓர் ஆள், உடைந்த தள்ளுவண்டி, கையுறை இல்லை, சம்பளம் இரண்டு மாதம் நிற்கிறது என்றால் அந்தச் சகோதரி என்ன செய்வாள்? மனு போனதும் அவளுக்குத்தான் மெமோ வரும். கடமை சட்டப்படி உள்ளாட்சி அமைப்பின் மேல் இருக்கிறது. அலுவலகத்தின் மேல் எழுதுங்கள். முடிந்தால் “பணியாளர் எண்ணிக்கையைக் கூட்டவும், கையுறையும் காலணியும் தரவும்” என்று ஒரு வரி சேருங்கள். அவர்களிடமே உட்கார்ந்து கேட்டால் வண்டி எங்கே நிற்கிறது, டீசல் எவ்வளவு தருகிறார்கள் என்று நாம் தகவல் கேட்டு வாங்குவதைவிடச் சீக்கிரம் தெரிந்துவிடும்.

நம் பக்கமும் ஒரு கடமை உண்டு. குப்பையைப் பிரித்துக் கொடுப்பது வீட்டாரின் பொறுப்பு என்று 2016 விதிகளும் சொல்லின, புதிய விதிகளும் சொல்கின்றன. நாம் பிரிக்காமல் கொட்டினால், ரத்லாம் நகராட்சி சொன்னது போல ஒரு சாக்கு இவர்களுக்கும் கிடைத்துவிடும். பிரித்துக் கொடுத்ததை வண்டிக்காரர் ஒரே பெட்டியில் சேர்த்துக் கொட்டுகிறாரே என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. நியாயமான கேள்வி. அதையும் தேதி போட்டு அந்த நோட்டில் எழுதுங்கள்.

ஊராட்சிகளில் கிராம சபை ஆண்டுக்கு ஆறு நாள்: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. நகரங்களில் 2022 நவம்பர் 1-லிருந்து பகுதி சபைக் கூட்டங்கள் நடத்தத் தொடங்கினார்கள். நோட்டை அங்கே எடுத்துப் போங்கள். பேசிவிட்டு வந்தால் போதாது, தீர்மானத்தில் ஏறியதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

அடுத்த கூட்டமைப்புக் கூட்டத்துக்கு வரும்போது ஒவ்வொரு குழுவும் குப்பை பற்றி இதுவரை கொடுத்த மனுக்களின் நகலைக் கொண்டு வாருங்கள். முத்திரை உள்ளதைத் தனியாகவும் இல்லாததைத் தனியாகவும் அடுக்குவோம். முத்திரை இல்லாதவற்றை அன்றைக்கே உட்கார்ந்து திருத்தி எழுதிவிடலாம். வெள்ளைத்தாள் நாங்கள் கொண்டு வருகிறோம்.